ஏழுமலை கிணற்றுக்கு வந்த அமெரிக்கச் சட்டம்

குழாயில் தண்ணீர் வருவதற்கு முன்னால் ஒரு சத்தம் வரும். முதலில் காற்று, பிறகு ஒரு விக்கல், பிறகு துருவாடையோடு கொஞ்சம் செம்மண் தண்ணீர், அப்புறம்தான் நல்ல தண்ணீர். அந்தக் காலையில் செல்வியின் குழாயில் காற்றும் விக்கலும் மட்டும் வந்தன. அதோடு நின்றுவிட்டது.

நான் காப்பித் தம்ளரோடு வாசலில் நின்றிருந்தேன். எதிர்வரிசையில், தெரு போய் கிரிவலப் பாதையைத் தொடும் மூலையில், செல்வியின் மெஸ். மாவு புளித்துப் பொங்கி நின்றது. இட்லிக் குண்டானில் ஊற்றத்தான் தண்ணீர் இல்லை.

நாலு வீடு தள்ளி ஏழுமலை குனிந்து, வால்வுத் தொட்டியின் சிமென்டு மூடியை நிதானமாக மூடிக்கொண்டிருந்தார். கையில் நீளமான இரும்புச் சாவி, நெற்றி நிறைய விபூதி. ஒளித்து மறைத்துச் செய்கிற காரியமாக அவர் அதைச் செய்யவில்லை. எழுந்து நின்று தெருவுக்கே கேட்கிற மாதிரி சொன்னார்.

“அன்னதானத்துக்கு எடைஞ்சல் பண்றவளுக்கு என் தண்ணி எதுக்கு? என் கெணறு, என் மோட்டாரு, என் பைப்பு. எவனும் கேக்க முடியாது.”

செல்வி ஈரமில்லாத கையை முந்தானையில் துடைத்துக்கொண்டே வெளியே வந்தாள். “அண்ணே, பந்தலை கொஞ்சம் அந்தாண்ட போடுங்கன்னுதானே கேட்டேன்? எடுத்துடுங்கன்னா சொன்னேன்?”

அப்போது எங்கள் வீட்டு மாடியிலிருந்து ஒரு குரல் வந்தது. பாடப் புத்தகத்திலிருந்து எடுத்து வைத்த தமிழ்.

“அவர் யாரிடம் அனுமதி பெற்றார்?”

தெருவே தலையைத் தூக்கிப் பார்த்தது. மாடியில் குடியிருந்த அமெரிக்கக்காரி மார்கரெட், நைட்டிக்கு மேல் துண்டு போர்த்தி, மாடிச் சுவரைப் பிடித்தபடி நின்றாள்.

“இன்னா கேக்குது அந்தம்மா?” என்றார் ஏழுமலை என்னிடம்.

“தண்ணிய நிறுத்த யார்கிட்ட பர்மிஷன் வாங்கினீங்கன்னு கேக்குறாங்க.”

அவர் வாய்விட்டுச் சிரித்தார். “என் கெணத்து தண்ணிய நிறுத்த நான் யார்கிட்டங்க பர்மிஷன் வாங்கணும்?”

இந்த ஒரு கேள்விக்காக அமெரிக்காவில் தலைமுறை தலைமுறையாகச் சண்டை போட்டிருக்கிறார்கள் என்பது எனக்கு அன்று சாயங்காலம்தான் தெரிந்தது.

தியானம் செய்ய வந்தவள்

எங்கள் மாடியில் குடியிருந்தவர்களில் பெரும்பாலோர் சத்தம் போடாதவர்கள். இந்தத் தொடரில் போன வாரம் நான் எழுதிய புல்லாங்குழல்காரர்கூட ஆஸ்ரமத்துக்குப் போய்விட்டு வந்தால் பேசமாட்டார். மார்கரெட் அப்படியில்லை. மனத்தை அடக்கத்தான் அவளும் வந்தாள். வந்த மாதத்திலேயே, அடங்கவில்லை என்று ஒப்புக்கொண்டு, தமிழ் வகுப்பில் சேர்ந்துவிட்டாள்.

கொரோனா ஓய்ந்து வெளிநாட்டுக்காரர்கள் மறுபடி செங்கம் ரோட்டில் தென்படத் தொடங்கிய காலம் அது. சோளம் விளையும் ஏதோ நடு அமெரிக்க மாநிலத்தில் அவள் வக்கீல். வக்கீல் என்றால் கொலைக் கேஸ், சொத்துக் கேஸ் இல்லை. மின்சாரம், எரிவாயு, குடிநீர் கொடுக்கும் கம்பெனிகளைக் கண்காணிக்க அங்கே ஒவ்வொரு மாநிலத்திலும் ஒரு கமிஷன் உண்டாம். அந்தக் கமிஷனில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவள்.

நானும் கோர்ட்டில் தட்டச்சராக இருந்து ஓய்வு பெற்றவள்தான். வாதி, பிரதிவாதி என்று காலமெல்லாம் அடித்த விரல்கள் எனக்கு. ஆகவே எங்கள் இருவருக்கும் பேச்சுக்குப் பஞ்சமே இல்லை. என் வீட்டுக்காரர் டிவியின் சத்தத்தைக் கூட்டி வைத்துவிட்டு ஒதுங்கிக்கொள்வார்.

“உங்க ஊர்ல கரன்ட் கம்பெனி எல்லாம் தனியார்தானா?” என்று ஒருநாள் கேட்டேன். முக்கால்வாசி தனியார்தான் என்றாள். “அப்புறம் எப்படி அவங்க இஷ்டத்துக்கு விலை வைக்காம இருக்காங்க?”

“வைக்க ஆசைப்பட்டார்கள்” என்றாள். “அதனால்தான் எனக்கு வேலை கிடைத்தது.”

ஒரு தெரு, ஒரு கிணறு

எங்கள் தெருவின் கதையைச் சொல்லாமல் மேலே போக முடியாது. அது ஒரு காலத்தில் ஏழுமலை குடும்பம் வேர்க்கடலை போட்ட மணிலாக் கொல்லை. மனை போட்டு விற்றார்கள். பொதுக் குழாய் அந்தப் பக்கம் இன்னும் வந்து சேராத சமயம்.

மனை வாங்கியவர்கள் எல்லோரும் போர் போட்டுப் பார்த்தோம். கையில் தேங்காயைப் படுக்க வைத்துக்கொண்டு நடந்து நீரோட்டம் பார்ப்பவர் எங்கள் வீட்டு வடகிழக்கு மூலையைக் காட்டினார். தேங்காய் நிமிர்ந்து நின்றதை நானே பார்த்தேன். போர் வண்டி ராத்திரி பகலாகக் கத்தியது. வெளியே வந்ததெல்லாம் வெள்ளைப் புழுதிதான். துவைத்துக் காயப்போட்ட துணியெல்லாம் பாழாகியது. அந்தத் தேங்காயைச் சட்னி அரைத்துவிட்டேன்.

மற்ற வீடுகளிலும் அதே கதை. கீழே முழுக்கப் பாறை. ஏழுமலை விற்காமல் வைத்துக்கொண்ட மூலை மனையில் மட்டும் ஒரு பழைய கிணறு, அதற்குள் ஒரு போர், வற்றாத ஊற்று. அவர் பைப் புதைத்துத் தெரு முழுவதற்கும் லைன் கொடுத்தார். மாதாமாதம் பணம் வாங்கினார், நியாயமாகத்தான் வாங்கினார். காலையிலும் மாலையிலும் தண்ணீர் விட்டார். வருஷக்கணக்கில் ஒரு புகார் இல்லை.

அவர் கெட்டவர் இல்லை என்பதை இங்கேயே சொல்லிவிடுகிறேன். பௌர்ணமிதோறும் கிரிவலம் வருகிறவர்களுக்குத் தன் செலவில் சாம்பார் சாதம் போடுகிறவர். பந்தலை மட்டும் செல்வி மெஸ்ஸின் வாசலை ஒட்டிப் போடுவார். சாப்பாட்டு வரிசை அவள் கடையைச் சுற்றிக்கொண்டு நிற்கும். ஒரு தோசையும் காப்பியும் வேண்டுமென்று வருகிறவர்கள்கூட உள்ளே நுழைய முடியாது. மாதத்தில் ஊரே வியாபாரம் பார்க்கிற ஒரே நாளில் அவள் கல்லாவில் ஈ ஓட்டிக்கொண்டிருப்பாள்.

பந்தலைக் கொஞ்சம் தள்ளிப் போடச் சொன்னாள், அவ்வளவுதான். ஏழுமலையின் காதில் அது அன்னதானத்தையே தடுக்கிற பேச்சாக விழுந்துவிட்டது. இந்த ஊரில் அதைவிடப் பெரிய குற்றச்சாட்டு கிடையாது.

செல்வியின் புருஷன் பெங்களூருக்குப் போனவன், போனவன்தான். இரண்டு பெண்களின் படிப்பும் அந்த மெஸ்ஸின் தோசைக்கல்லில்தான் ஓடிக்கொண்டிருந்தது. ஒரு வாரம் கடை மூடிக் கிடந்தால் வாடிக்கைக்காரர்கள் வேறு கடைக்குப் பழகிவிடுவார்கள். பழகியவர்கள் திரும்ப மாட்டார்கள்.

நான் எங்கள் சம்ப்பிலிருந்து குடத்தில் எடுத்துக் கொடுத்தேன். மத்தியானமே ஏழுமலை வந்து நின்றார்.

“கோர்ட்டம்மா, உங்க மேல மரியாதை வெச்சிக்கிறேன். என் தண்ணிய அவளுக்கு யாரு குடுத்தாலும் அந்த வீட்டு வால்வையும் மூடிடுவேன்.”

எனக்கு முன்கோபம் ஜாஸ்தி. அவர் தெருவைத் தாண்டுவதற்குள் இன்னொரு குடம் கொண்டுபோய் இறக்கினேன். ஆனால் குடத்தில் மெஸ் நடத்த முடியாது என்று எனக்கும் தெரியும்.

கோதுமைக் கிடங்கு

அன்று சாயங்காலம் மாடியில் மார்கரெட் இங்கிலீஷில் ஒரு பிரசங்கமே செய்தாள். தமிழில் கோபப்பட அவளுக்கு இன்னும் வரவில்லை. அவள் சொன்னதை என் கணக்கில் சுருக்கித் தருகிறேன்.

அவர்கள் நாட்டில் உள்நாட்டுப் போர் முடிந்த கொஞ்ச காலத்துக்குப் பிறகு, விவசாயிகள் விளைத்த கோதுமை எல்லாம் ரயிலில் சிகாகோவுக்கு வந்து சேரும். அங்கே மாடி மாடியாக உயர்ந்த தானியக் கிடங்குகள். அவற்றுக்குள் போகாமல் கோதுமை வெளிச்சந்தைக்குப் போக முடியாது. கிடங்கு வைத்திருந்த கொஞ்சப் பேர் கூடிப் பேசி வாடகையை முடிவு செய்தார்கள். மாநில அரசு தலையிட்டு, இதற்கு மேல் வாங்கக் கூடாது என்று ஒரு வரம்பு போட்டது. முதலாளிகள் உச்ச நீதிமன்றத்துக்கு ஓடினார்கள். என் கிடங்கு, என் இஷ்டம் என்றார்கள்.

நீதிமன்றம் என்ன சொன்னது? உன் சொத்துதான், ஆனால் ஊரே அதை நம்பித்தான் பிழைக்க வேண்டும் என்கிற மாதிரி அதை நீ தொழிலுக்கு விட்டுவிட்டாய். இனி அதில் ஊருக்கும் ஒரு பேச்சு உண்டு. பிடிக்கவில்லையென்றால் தொழிலை விட்டுவிடு. தொழிலில் இருக்கும்வரை ஊர் போடுகிற கட்டுக்கு அடங்கித்தான் ஆக வேண்டும்.

மின்சாரக் கம்பெனிகள், எரிவாயுக் கம்பெனிகள், டெலிபோன் கம்பெனிகள் எல்லாவற்றின் கழுத்திலும் பிற்பாடு விழுந்த கயிறு இதிலிருந்து திரிக்கப்பட்டதுதான் என்றாள்.

எனக்கு ரொம்பவும் பிடித்துப் போனது அந்தத் தீர்ப்பு. எத்தனையோ தீர்ப்பு அடித்திருக்கிறேன். இப்படி ஒன்று என் மிஷினில் விழவில்லையே என்று பொறாமையாகக்கூட இருந்தது.

இடையில் அவள் அப்பாவைப் பற்றியும் சொன்னாள். அவர் சிறு வயதில் வளர்ந்த பண்ணை வீட்டில் மின்சாரம் கிடையாது. பட்டணத்துக் கம்பெனியின் கம்பி கண்ணுக்குத் தெரிகிற தூரத்தில் போனது. நாலு பண்ணைக்காகக் கம்பி இழுத்தால் கட்டுபடியாகாது என்று கம்பெனி கைவிரித்தது. கடைசியில் அரசாங்கத்திடம் கடன் வாங்கி விவசாயிகளே சங்கம் வைத்து, தாங்களே கம்பம் நட்டார்கள். முதல் விளக்கு எரிந்த அன்று அவள் பாட்டனார், அணைந்துவிடுமோ என்ற பயத்தில், யாரையும் சுவிட்சைத் தொட விடவில்லையாம்.

சொல்லிவிட்டு எதிரே செல்வியின் இருண்ட மெஸ்ஸைப் பார்த்தாள். அவள் கண் கலங்கியிருந்தது. எனக்கும்தான்.

போர் வண்டி வருகிறது

இதற்குள் தெருக்கோடி லாட்ஜ்காரர் வேறு ஒரு முடிவுக்கு வந்திருந்தார். இன்றைக்குச் செல்விக்கு நேர்ந்தது நாளைக்குத் தனக்கு நேராது என்று என்ன நிச்சயம்? ஏழுமலையின் கிணற்றை ஒட்டியே ஒரு சின்ன மனையைப் பேசி, போர் வண்டிக்கும் சொல்லிவிட்டார். வெள்ளிக்கிழமை வண்டி வரும் என்று பேச்சு.

எனக்கு முதலில் சந்தோஷமாகத்தான் இருந்தது. ஏழுமலைக்கு நன்றாக வேண்டும் என்று நினைத்தேன். மார்கரெட்தான் தலையில் கை வைத்துக்கொண்டாள்.

“ஒரே ஊற்று. இரண்டு பேர் உறிஞ்சினால் இரண்டு பேருக்கும் இல்லை” என்றாள்.

அவர்கள் ஊரிலும் ஆரம்பத்தில் இப்படித்தானாம். ஒரே வீதியில் ஆளுக்கொரு கம்பெனி கம்பி இழுத்திருக்கிறது. வானமே தெரியாத அளவுக்குக் கம்பி. ஒருவனை ஒருவன் அழித்துக்கொண்டார்கள். பிறகு பெரிய மின்சார முதலாளி ஒருவன் துணிந்து ஒரு யோசனை சொன்னானாம்: ‘ஒரு ஊருக்கு ஒரே கம்பெனி போதும், அதை எனக்கே கொடுங்கள். பதிலுக்கு, என் விலையை அரசாங்கக் கமிஷன் முடிவு செய்யட்டும். யாருக்கும் இல்லை என்று சொல்லாமல் கொடுக்கிறேன்.’

“அவனே வந்து கழுத்தை நீட்டினானா?” என்றேன்.

“புத்திசாலி. கயிறு கழுத்தில் இருந்தால் மற்ற நாய்கள் கடிக்காது என்று அவனுக்குத் தெரிந்திருந்தது.”

அவனைச் சாதாரணமாக எடை போட்டுவிடக் கூடாது என்றும் எச்சரித்தாள். அப்படிப்பட்டவர்கள் பிற்காலத்தில் கம்பெனிக்கு மேல் கம்பெனி அடுக்கி, எந்த மாநிலத்துக் கமிஷன் கைக்கும் எட்டாத உயரத்தில் போய் உட்கார்ந்தார்கள். பெரும் பொருளாதார வீழ்ச்சி வந்தபோது அந்த அடுக்கு சரிந்து, பங்கு வாங்கிய சாதாரண ஜனங்களின் சேமிப்பெல்லாம் போயிற்று. அப்புறம்தான் நாடு முழுவதற்குமாக ஒரு சட்டம் போட்டு அடுக்கைப் பிரித்தார்கள்.

நான் அடுக்கில் கவனம் செலுத்தவில்லை. என் மண்டையில் கயிறு மட்டும் நின்றது. ஏழுமலையை மிரட்டினால் வேலைக்காகாது. அவரே கழுத்தை நீட்ட வேண்டும்.

மண்டிக்காரன் புத்தி

மறுநாள் காலை ஏழுமலையின் கிணற்றடிக்குப் போனேன். கூடவே எங்கள் தெருவிலேயே குடியிருக்கும் சபாபதி குருக்களையும் கூட்டிப்போனேன். பெரிய கோயிலில் முறை வைத்துப் பூஜை செய்கிற குடும்பம். அவர் முன்னால் ஏழுமலை குரல் உயர்த்த மாட்டார்.

ஏழுமலை முகத்தைத் திருப்பிக்கொண்டு மோட்டாருக்கு கிரீஸ் போட்டுக்கொண்டிருந்தார். செல்வி பெயரை நான் எடுக்கவே இல்லை. சும்மா ஊர்க்கதை சொல்வது மாதிரி கோதுமைக் கிடங்குக் கதையை ஆரம்பித்தேன். கிடங்குக்காரர்கள் கூடிப் பேசி வாடகையை ஏற்றிய இடம் வந்ததும் கையில் துணியோடு நிமிர்ந்தார்.

“நம்மூரு மண்டிக்காரன் புத்திதான் அங்கயும் கீதா?” என்றார். “எங்கப்பாரு மணிலா மூட்டைய மாட்டு வண்டியில ஏத்திக்கினு போவாரு. மண்டியில வெச்ச எடைதான் எடை, சொன்ன வெலதான் வெல. கேட்டா, எடுத்துக்கினு போய்யான்னுவான். எங்க எடுத்துக்கினு போறது? அப்புறமா ஒழுங்குமுறை விற்பனைக்கூடம் வந்துச்சு, மூச்சு வுட்டோம்.”

“அங்கயும் கோர்ட் அதத்தான் சொல்லிச்சு அண்ணே. கொடோன் உன்னுதுதான், ஆனா ஊரே அதை நம்பி இருக்குது, அதனால உன் இஷ்டத்துக்கு ஆட முடியாதுன்னு.”

“கரெக்டாத்தான் சொல்லிக்கீறாங்க. கட்டி வெச்சி அடிக்கணும் அவனுங்கள.”

ஏழுமலை துணியால் கையைத் துடைத்தார். துடைத்த கையையே மறுபடி துடைத்தார். பிறகு என்னைப் பார்த்தார்.

“ஓஹோ. அதுக்குத்தான் இந்தக் கதையா?”

“அதுக்கும்தான்.”

கோபப்படுவார் என்று நினைத்தேன். அவர் கிணற்று மேடையில் உட்கார்ந்துவிட்டார். “சரிங்க, நான் யாருக்கும் நிறுத்தலன்னே வெச்சிக்குவோம். வெள்ளிக்கெழம அந்த லாட்ஜ்காரரு பக்கத்துலயே போர் போட்டாருன்னா என் ஊத்து போயிடுமே. அப்ப என்னை யாரு கேப்பாங்க?”

அந்தக் குரலில் இருந்த பயம் எனக்குப் புதிது. செல்வியின் குழாயைப் போலவே அவர் கிணறும் வேறொருவர் கையில் தொங்கிக்கொண்டிருந்தது. எனக்கு அவர் மேல் இருந்த கோபம் அந்த நிமிஷத்தில் கம்மியாகிவிட்டது.

“அதுக்கும் அமெரிக்காவுல ஒரு வழி வெச்சிருக்காங்க” என்றேன், நானே போய்ப் பார்த்துவிட்டு வந்தவள் மாதிரி.

மலையைப் பார்த்துச் சொன்ன வார்த்தை

வியாழக்கிழமை மாலை எங்கள் மொட்டை மாடியில் தெரு கூடியது. மார்கரெட்டை நடுவராக உட்காரச் சொன்னார்கள். தனக்கு இந்தத் தெருவில் அதிகாரம் கிடையாது என்று அவள் தண்ணீர்த் தொட்டிப் பக்கமாகப் போய் உட்கார்ந்துகொண்டாள். ஒரே ஒரு யோசனை சொன்னாள். தண்ணீர் நின்றால் யாருக்கு முதலில் வலிக்குமோ அவர் கமிட்டியில் இருக்க வேண்டும்.

ஏற்பாடு இதுதான். தெருவில் வேறு யாரும் புதிதாகப் போர் போடுவதில்லை. ஏழுமலை யாருக்கும் தண்ணீரை நிறுத்துவதில்லை. நிறுத்தவோ, விலை ஏற்றவோ, நேரத்தை மாற்றவோ வேண்டுமானால் கமிட்டி முன்னால் காரணம் சொல்ல வேண்டும். கமிட்டி என்பது நான், குருக்கள், செல்வி.

செல்வியின் பெயரைச் சொன்னதும் ஏழுமலையின் தாடை இறுகியது. லாட்ஜ்காரரைப் பார்த்தார். அவர் போனை எடுத்துப் போர் வண்டிக்காரரிடம், “வேணாம்ப்பா, அப்புறம் பார்த்துக்கலாம்” என்று எல்லோர் காதிலும் விழச் சொன்னார்.

“சரி” என்றார் ஏழுமலை.

“இங்க பார்த்துச் சொன்னா போறாது” என்றார் குருக்கள். “அங்க பார்த்துச் சொல்லுங்கோ.”

மேற்கே வெயில் இறங்கி மலை கருநீலமாக நின்றது. ஏழுமலை செருப்பைக் கழற்றினார், மலையைப் பார்த்துக் கையெடுத்துக் கும்பிட்டு வார்த்தை கொடுத்தார். லாட்ஜ்காரரும் கொடுத்தார். அமெரிக்காவில் உச்ச நீதிமன்றம் செய்த வேலையை எங்கள் தெருவில் அண்ணாமலையார் செய்தார்.

இறங்கிப் போன கையோடு ஏழுமலை வால்வைத் திறந்தார். செல்வியின் குழாயில் காற்று, விக்கல், செம்மண், தண்ணீர் எல்லாம் வரிசையாக வந்தன. அவள் குழாயை மூடாமல் கொஞ்ச நேரம் தண்ணீரைக் கையில் பிடித்துக்கொண்டே நின்றாள்.

பந்தல் மட்டும் இருந்த இடத்திலேயே இருந்தது. அதைப் பற்றி அன்று யாரும் வாய் திறக்கவில்லை. கமிட்டிக்குத் தண்ணீர் மேல்தான் அதிகாரம், பந்தல் மேல் இல்லை.

சாம்பார் சாதத்தில் வந்த சிக்கல்

அடுத்த பௌர்ணமியில் கமிட்டிக்கு முதல் சோதனை வந்தது. கிரிவலக் கூட்டம் திரளத் தொடங்கிய சாயங்கால வேளை. ஏழுமலை என்னையும் குருக்களையும் கைப்பிடியாக அழைத்துப் போய் பந்தலுக்குள் நாற்காலி போட்டு உட்கார வைத்தார். மற்றவர்களுக்குத் தொன்னையில் சாம்பார் சாதம். எங்களுக்கு இலை, கூடவே வடை, சர்க்கரைப் பொங்கல். பொங்கலில் நெய் மிதந்தது. சாப்பிட்டேன், நன்றாகவே சாப்பிட்டேன்.

மார்கரெட் அதை மாடியிலிருந்து பார்த்துவிட்டாள். இறங்கி ஓடியே வந்தாள்.

“நீங்கள் கம்பெனியின் உணவைச் சாப்பிட்டீர்கள்!”

எத்தனை கமிஷன்கள் இப்படி ஒரு விருந்தில் தொடங்கிக் கம்பெனியின் மடியில் போய்ப் படுத்துக்கொண்டிருக்கின்றன என்று படபடத்தாள். கண்காணிக்க வந்தவர்களைக் கம்பெனிகள் முதலில் மிரட்டுவதில்லை, உபசரிக்கின்றன என்றாள்.

குருக்களுக்குக் கோபம் வந்துவிட்டது. “அன்னதானம் அண்ணாமலையார் போடறது. ஏழுமலை கரண்டிதான் பிடிக்கிறார். வேண்டாம்னு சொல்ல நாம யாரு?”

“எல்லாக் கம்பெனியும் இப்படித்தான் சொல்லும்” என்றாள் மார்கரெட்.

இரண்டு பேர் சொல்வதும் சரிதான். இந்த ஊரில் நீட்டிய அன்னதானத்தை மறுப்பது பாவம். நாற்காலி போட்டு நெய்ப் பொங்கல் தின்றுவிட்டு நாளைக்கு ஏழுமலையைக் கேள்வி கேட்க எனக்கு வாய் வருமா என்பதும் நியாயமான கேள்வி. வராது. பொங்கல் அவ்வளவு நன்றாக இருந்தது.

செல்விதான் தீர்ப்பு சொன்னாள். அவளை ஏழுமலை அழைக்கவும் இல்லை, அவள் கடை வாசலை விட்டு அசையவும் இல்லை. “சாப்டுங்கக்கா, யாரு வேணான்னா? எல்லாரும் மாதிரி லைன்ல நின்னு தொன்னையில வாங்கிச் சாப்டுங்க. சேர் எதுக்கு, வடை எதுக்கு?”

அன்றிலிருந்து கமிட்டிக்கு அது விதி. வரிசையில் நின்றுதான் வாங்க வேண்டும். குருக்கள் கொஞ்ச நாள் என்னோடு பேசவில்லை. அப்புறம் அவரும் வரிசையில் நின்றார்.

காரணம் சொல்லுங்க

பங்குனி முடிந்து சித்திரை பிறந்தது. வெயில் என்றால் எங்கள் ஊர் வெயில்தான். பாறை ராத்திரியிலும் சூடு கக்கும். வற்றாத ஊற்று என்று நாங்கள் நம்பிய ஏழுமலையின் கிணற்றில் மோட்டார் காற்றை இழுக்க ஆரம்பித்தது.

கமிட்டி கூடி முடிவு செய்தோம். குடிக்கவும் சமைக்கவும் மட்டும் தண்ணீர், எல்லா வீட்டுக்கும் ஒரே அளவு. லாட்ஜுக்கும் அதே, மெஸ்ஸுக்கும் அதே. அதற்கு மேல் வேண்டுமானால் காரணம் சொல்லிக் கேட்க வேண்டும். செல்வி மத்தியானச் சாப்பாட்டை நிறுத்திக் காலை டிபனோடு கடையை மூடினாள். கமிட்டியில் இருந்துகொண்டு தனக்குத் தனியாக ஒரு சொட்டு கேட்கவில்லை.

சித்ரா பௌர்ணமிக்கு முன்தினம் சாயங்காலம் ஏழுமலை எங்கள் மாடிப்படி ஏறி வந்தார். நாங்கள் மூவரும் இருந்தோம். மார்கரெட் அறை வாசலில் நின்றாள். அவர் துண்டைத் தோளிலிருந்து எடுத்துக் கையில் வைத்துக்கொண்டார்.

“நாளைக்கு அன்னதானத்துக்குத் தண்ணி ஜாஸ்தி வேணும். கேட்டுட்டுப் போலாம்னு வந்தேன்.”

கிணறு அவருடையது, சாவி அவரிடம்தான் இருக்கிறது, மோட்டாரைப் போட்டால் தடுக்க யாருமில்லை. ஆனாலும் படியேறி வந்து நின்றார். எந்த நாட்டில் எந்த முதலாளி நின்றிருந்தாலும் எனக்கு இவ்வளவு மரியாதை வந்திருக்காது.

நானும் குருக்களும் செல்வியைப் பார்த்தோம். யாருக்கு முதலில் வலிக்குமோ அவர்தான் முதலில் பேச வேண்டும் என்பது எங்கள் வழக்கம்.

“காரணம் சொல்லுங்கண்ணே” என்றாள் செல்வி.

“சித்ரா பௌர்ணமிம்மா. சனம் கொளுத்துற வெயில்ல கெளம்பி எங்கெங்க இருந்தோ வரும். வருஷத்துக்கு ஒரு வாட்டி வர்றவங்க. பசியோட அனுப்பிட்டா என் மனசு கேக்காது. எங்க வூட்டுப் பங்கையும் நாளைக்கு இதுக்கே எடுத்துக்குறேன். அப்பவும் பத்தாது.”

செல்வியின் தண்ணீரிலும்தான் கை வைக்க வேண்டும். நாளைய டிபனும் பாதியாகும்.

“குடுக்கலாம்” என்றாள். “ஒரே ஒரு கண்டிஷன்.”

“சொல்லும்மா.”

“பந்தலை ரோட்டுக்கு அந்தாண்ட போடுங்க.”

ஏழுமலை அவளைப் பார்த்தார். பிறகு கீழே, மெஸ் வாசலில் நட்டிருந்த மூங்கில்களைப் பார்த்தார்.

“இத்தத்தானேம்மா நீ மொதல்லயே கேட்ட?”

“ஆமாண்ணே. இதத்தான் கேட்டேன்.”

அவர் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டார். படியிறங்கும்போதே கீழே நின்ற ஆட்களைக் கூப்பிட்டு, மூங்கிலைப் பிடுங்கி எதிர்ப்பக்கம் நடச் சொல்லும் குரல் கேட்டது. மார்கரெட் என் தோளைப் பிடித்து அழுத்தினாள். கமிஷனில் இருந்த காலமெல்லாம் இதைவிடச் சுருக்கமான, நியாயமான உத்தரவு ஒன்றைத் தான் படித்ததில்லை என்று இங்கிலீஷில் சொன்னாள்.

மறுநாள் மாலை பந்தல் ரோட்டுக்கு அந்தப் பக்கம் நின்றது. சாம்பார் சாத வரிசை அங்கே, தோசை வரிசை இங்கே. செல்வி கையில் இருந்த தண்ணீரையெல்லாம் அந்த ஒரு வேளைக்கென்று சேர்த்து வைத்திருந்தாள். கல்லில் தோசை ஊற்றி ஊற்றி அவள் முகம் சிவந்து கிடந்தது. நானும் மார்கரெட்டும் உள்ளே பெஞ்சில் உட்கார்ந்திருந்தோம்.

நிலா மலைக்குப் பக்கத்தில் ஏறியபோது அண்டா காலியாகிவிட்டது போலிருக்கிறது. ஏழுமலை வேட்டியெல்லாம் சாம்பாரோடு ரோட்டைத் தாண்டி வந்தார். பரிமாறியவருக்கு மிச்சமில்லை. தோசை வரிசையின் கடைசியில், கிரிவலம் வந்த ஜனங்களுக்குப் பின்னால், போய் நின்றுகொண்டார்.

செல்வி கரண்டியோடு எட்டிப் பார்த்தாள். “அண்ணே, அங்க ஏன் நிக்கிறீங்க? உள்ள வந்து ஒக்காருங்க, உங்களுக்கு மொதல்ல ஊத்துறேன்.”

ஏழுமலை என்னை ஒரு பார்வை பார்த்தார்.

“வேணாம்மா. கமிட்டிக்காரங்க பார்த்துக்கினு கீறாங்க.”